புழுக்களின் பேராசிரியர்

இரண்டாம் ஆண்டு பி.எஸ்ஸி., விலங்கியல்

லமார்க் என்ற பெயரைக் கேட்டவுடன் நமக்கு ஒட்டகச்சிவிங்கியின் கழுத்துத்தான் நினைவுக்கு வருகிறது. பரிணாமப் பாடத்தில் டார்வினுக்கு முன்னால் அவருக்கென்று ஒரு பக்கம் ஒதுக்கியிருக்கிறார்கள். எட்டாத இலைக்கு எட்டி எட்டிக் கழுத்து நீண்டது என்றார், நீண்ட கழுத்து குட்டிக்கும் வந்தது என்றார், வைஸ்மன் எலிகளின் வாலை வெட்டிப் பார்த்து அது தவறு என்று காட்டினார், முற்றிற்று. ஐந்து மதிப்பெண் வினாவுக்கு இதுவே போதும். நானும் இப்படி எழுதி மதிப்பெண் பெற்றவன்தான். அந்த ஐந்து மதிப்பெண்ணைத் திருப்பிக் கொடுப்பதற்காகவே இக்கட்டுரையை எழுதுகிறேன் என்று வைத்துக்கொள்ளுங்கள், நண்பர்களே.

என் பிழையை எனக்குக் காட்டியது ஒரு சிறு சிப்பி.

சென்ற ஆண்டு எங்கள் வகுப்பு கன்னியாகுமரிக்குக் கல்விச் சுற்றுலா சென்றது. நான் கடலை முதன்முதலாகக் கண்டது அன்றுதான். அலை பின்வாங்கிய வேளையில், பாறைகளின்மேல் கவிழ்த்து வைத்த கிண்ணங்களைப் போல ஓடுகள் ஒட்டிக் கிடந்தன. லிம்பெட் என்பார்கள். ஒன்றைப் பிடித்து இழுத்தேன். என் நகம் பெயர்ந்ததே தவிர ஓடு பெயரவில்லை. தொட்டால் அது பாறையோடு இறுகிக்கொள்ளும், அது உணருமுன் கத்தி முனையைச் சட்டென்று அடியில் செலுத்த வேண்டும் என்று எங்கள் பேராசிரியர் செய்து காட்டினார். கல்லூரிக்குத் திரும்பியதும் அதை ஃபார்மலின் புட்டியில் இட்டு, பாடநூலில் கண்டபடி பட்டெல்லா என்று சீட்டு எழுதி ஒட்டினேன். பேராசிரியர் அதைப் பார்த்துச் சிரித்தார். பட்டெல்லாவை அடித்துவிட்டுச் செல்லானா ரேடியேட்டா என்று எழுதி, அதன்பின் அடைப்புக்குறிக்குள் போர்ன், 1778 என்று சேர்த்தார். போர்ன் என்பவர் 1778-இல் இதற்குப் பட்டெல்லா என்றுதான் பெயர் வைத்தார், பின்னால் வந்தவர்கள் இதை வேறு பேரினத்துக்கு மாற்றினார்கள், அப்படி மாறியதற்கு அடையாளமே அந்த அடைப்புக்குறி என்று விளக்கினார்.

அதைக் கேட்டதிலிருந்து எனக்கு ஒரே குடைச்சல். யார் மாற்றுகிறார்கள்? எதற்காக மாற்றுகிறார்கள்? பாறையில் சிவனே என்று கிடக்கும் ஓர் உயிரை ஏன் வீடு வீடாகக் குடியேற்றுகிறார்கள்? நூலகத்தில் இருந்த பழைய மெல்லுடலி நூல்களைப் புரட்டினேன். கிண்ண ஓடுகளைப் பற்றிய பக்கங்களில் பெயர்களுக்குப் பின்னால் லமார்க், 1799; லமார்க், 1801; லமார்க், 1819 என்று வந்துகொண்டே இருந்தது. ஒட்டகச்சிவிங்கிக்காரருக்கு இங்கே என்ன வேலை?

அதற்கு விடை சொல்லுமுன் இன்னொன்றைச் சொல்லியாக வேண்டும். சுற்றுலாவிலிருந்து ஒரு வெற்று ஓட்டை வீட்டுக்கும் எடுத்துச் சென்றேன். என் அம்மா அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, சாமி மாடத்தில் குங்குமம் வைத்துக்கொள்ள எடுத்துக்கொண்டார். இலத்தீன் மொழியில் பட்டெல்லா என்றால் சிறு தட்டு என்று பொருள். நம் முழங்கால் சில்லுக்கும் அதே பெயர்தான். ஆக, எழுதப் படிக்கத் தெரியாத என் அம்மாவும் உலகம் போற்றும் லின்னேயசும் இவ்வோட்டைப் பற்றி ஒரே முடிவுக்குத்தான் வந்திருக்கிறார்கள்!

சுவீடன் நாட்டு லின்னேயஸ் 1758-இல் தம் நூலின் பத்தாம் பதிப்பில், தட்டு வடிவ ஒற்றை ஓடுகள் எல்லாவற்றையும் பட்டெல்லா என்ற ஒரே பேரினத்தில் சேர்த்தார். ஐரோப்பாவின் வடகடற் பாறைகளில் மலிந்து கிடக்கும் பட்டெல்லா வல்காட்டா அதில் இருந்தது. உச்சியில் துளையுள்ளது, உள்ளே செருப்பின் முன்பக்கம் போல ஒரு பலகை உள்ளது, சீனர் தொப்பி போன்றது, நன்னீரில் வாழ்வது ஆகியவையும் அதில் இருந்தன. இன்னும் வேடிக்கை ஒன்று உண்டு. பிராக்கியோபோடா என்று தனித் தொகுதியாக நாம் படிக்கும் லிங்குலாவின் ஒரு பக்க ஓடும் அவருக்குக் கிடைத்தது. அதற்கு மறுபாதி உண்டு என்பதும், தண்டு உண்டு என்பதும் தெரியாமல், அதற்கும் பட்டெல்லா உங்குவிஸ் என்று பெயர் வைத்துவிட்டார். அவரைக் குறை சொல்ல எனக்குத் தகுதியில்லை. அக்காலத்தில் அறிஞர்களின் கைக்கு வந்தவை பெரும்பாலும் வெற்று ஓடுகள். உள்ளே இருந்த உயிர் வழியிலேயே அழுகிப் போயிருக்கும். வெறும் கிண்ணத்தைப் பார்த்தவர் கிண்ணம் என்றுதானே சொல்வார்?

முதுகெலும்பில்லாத உயிர்கள் அனைத்தையும் லின்னேயஸ் இரண்டே வகுப்பில் அடக்கினார். ஒன்று பூச்சிகள், மற்றொன்று புழுக்கள். நத்தை, சிப்பி, நட்சத்திர மீன், பவளம், மண்புழு எல்லாமே புழுக்கள்தாம்! வீட்டில் எங்கே வைப்பதென்று தெரியாதவற்றை எல்லாம் பரண்மேல் எறிவோமே, அதுபோன்ற ஒரு பரண் அது. அந்தப் பரணை ஒழுங்குபடுத்தியவர்தான் லமார்க்.

பிரான்சின் வடபகுதியில் பிக்கார்டி நாட்டுப்புறத்தில் பசாந்தன் என்னும் சிற்றூரில், 1744 ஆகஸ்டு 1-ஆம் நாள், வறுமைப்பட்ட பிரபு குடும்பத்தில் பதினோராம் பிள்ளையாகப் பிறந்தார். குடும்பத்தில் பட்டம் இருந்தது, பணம் இல்லை. அண்ணன்மார் படைக்குப் போனார்கள். இவரைப் பாதிரியாராக்கத் தந்தை அமியன் நகரத்து ஏசுசபைப் பள்ளியில் சேர்த்தார். தந்தை இறந்ததும் பையன் ஒரு கிழட்டுக் குதிரையில் ஏறி, அப்போது ஜெர்மனியில் போரிட்டுக்கொண்டிருந்த பிரெஞ்சுப் படையைத் தேடிச் சென்றுவிட்டான். அது 1761-ஆம் ஆண்டு. வயது பதினேழு நிறையவில்லை. போய்ச் சேர்ந்தவுடனே பெரும் போர். பீரங்கித் தாக்குதலில் அவன் இருந்த அணியின் அதிகாரிகள் அனைவரும் மாண்டனர். பதினான்கு வீரர்களே மிஞ்சினர் என்பர். படை பின்வாங்குகிறது, நாமும் போய்விடலாம் என்று மூத்த வீரர்கள் சொல்லியும், ஆணை வராமல் இடத்தை விட்டு நகரமாட்டேன் என்று நின்றான். அன்றே அவனை அதிகாரியாக்கினார்கள். பாறையை விடாத லிம்பெட் போல என்று இவ்விடத்தில் எழுத ஆசையாக இருக்கிறது. மிகையாகிவிடும் என்று விட்டுவிடுகிறேன்.

போர் முடிந்தபின் மொனாகோ முதலிய கோட்டைகளில் காவல் வேலை. பொழுது போகாமல் செடிகொடிகளைப் பார்க்கத் தொடங்கினார். ஒருநாள் தோழன் ஒருவன் விளையாட்டாக இவரைத் தலையைப் பிடித்துத் தூக்க, கழுத்தில் காயம்பட்டு வீங்கியது. பாரிசுக்குச் சென்று அறுவைச் சிகிச்சை செய்துகொள்ள நேர்ந்தது. 1768-இல் படையை விட்டு விலகினார். ஆக, லமார்க்கின் வாழ்வைத் திருப்பிய கழுத்து அவருடைய சொந்தக் கழுத்துத்தான்!

மிகச் சிறிய ஓய்வூதியம். வங்கியில் ஒரு வேலை. பாரிசில் உயரத்தில் ஒரு மாடியறை. இந்த நிலையில் மருத்துவம் படித்தார், பின் தாவரங்களில் முழுமையாக மூழ்கினார். பத்தாண்டு உழைப்பின் பயனாக, பிரான்சின் தாவரங்களைப் பற்றிய மூன்று தொகுதி நூலை 1778-இல் முடித்தார். பூ இப்படியா அப்படியா என்று இரண்டிரண்டாகக் கேட்டுக்கொண்டே போய்ச் செடியின் பெயரை அடையும் இருகிளைத் திறவு முறையை அந்நூல் பரவலாக்கியது. நம் தாவரவியல் நண்பர்கள் இன்றும் செய்முறை வகுப்பில் அப்படித்தான் தேடுகிறார்கள். செல்வாக்கு மிக்க பஃபான் அந்நூலை அரசு அச்சகத்திலேயே அச்சிட உதவினார். மறு ஆண்டு அறிவியல் கழகத்தில் இடம் கிடைத்தது. ஆனால் நல்ல வேலை கிடைக்கவில்லை. அரசரின் தோட்டத்தில், உலர் தாவரங்களைக் காக்கும் சிறு பதவியோடு நாற்பத்தைந்து வயதைத் தாண்டினார்.

அப்போதுதான் பிரெஞ்சுப் புரட்சி வெடித்தது. அரசர் போனார், அரசரின் தோட்டம் என்ற பெயரும் போயிற்று. 1793 ஜூனில் அது தேசிய இயற்கை வரலாற்று அருங்காட்சியகமாக மாற்றப்பட்டு, பன்னிரண்டு பேராசிரியர் பதவிகள் ஏற்படுத்தப்பட்டன. தாவரவியல் இடங்கள் வேறிருவருக்குப் போயின. மிஞ்சியது விலங்கியல். அதில் முதுகெலும்புள்ள விலங்குகளின் இடம் 21 வயது ஜெஃப்ரேவுக்குக் கிடைத்தது. பூச்சிகள், புழுக்கள், நுண்ணுயிர்கள் என்ற கடைசி நாற்காலியைப் பெரிதாக விரும்பியவர் இல்லை. அதில் லமார்க்கை அமர்த்தினார்கள். கால் நூற்றாண்டு தாவரங்களோடு வாழ்ந்த ஒருவர், ஐம்பதை நெருங்கும் வயதில், புழுக்களின் பேராசிரியரானார்!

இந்த இடத்தைப் படித்தபோது நான் நூலைச் சிறிது நேரம் மூடி வைத்தேன். எனக்கும் விலங்கியல் கேட்டுக் கிடைத்த இடமன்று. வேதியியல் கேட்டிருந்தேன். பட்டியலில் என் முறை வந்தபோது மிஞ்சியிருந்தது விலங்கியல். எங்கள் வீட்டில் கல்லூரிப் படியேறிய முதல் ஆள் நான். பூச்சி புழுவைப் படித்துவிட்டு என்னப்பா செய்யப் போகிறாய் என்று அப்பா கேட்டபோது, அவர் கேலியாகக் கேட்கவில்லை, தெரிந்துகொள்ளவே கேட்டார். எனக்குத்தான் பதில் தெரியவில்லை. முதல் ஆண்டு முழுவதும் தவளையை வேண்டாவெறுப்பாகத்தான் அறுத்தேன்.

லமார்க் என்ன செய்தார்? ஓராண்டுக்குள் பாடம் நடத்தத் தொடங்கினார். முற்றிலும் வெறுங்கையோடு அவர் வந்தார் என்று சொல்லக்கூடாது. ஓடுகளைச் சேர்க்கும் பழக்கம் அவருக்கு முன்பே உண்டு. சிப்பி ஓடுகளை ஆராய்ந்த புருகியேர் அவருடைய நண்பர். 1798-இல் புருகியேர் இறந்தபின் அந்த வேலையும் இவர் தோளில் விழுந்தது. 1795-இல் பாரிசுக்கு வந்த இளைஞர் குவியர் மெல்லுடலிகளை அறுத்து உள்ளுறுப்புகளைப் படம் வரைந்து காட்டிக்கொண்டிருந்தார். அதையும் லமார்க் தயங்காமல் பயன்படுத்திக்கொண்டார். அக்காலப் பிரெஞ்சுப் படைகள் ஹாலந்திலிருந்து அள்ளிவந்த காட்சிப் பொருள்களும், போதாங்குழுவின் கப்பல்கள் ஆஸ்திரேலியக் கரைகளிலிருந்து கொண்டுவந்த பெட்டி பெட்டியான உயிரினங்களும் அவருடைய மேசைக்கு வந்து குவிந்தன.

அவர் அந்தத் தட்டுகளைத் திருப்பிப் பார்த்தார். என் அம்மாவும் திருப்பித்தான் பார்த்தார், ஆனால் குங்குமம் எவ்வளவு கொள்ளும் என்று பார்த்தார். லமார்க் பார்த்தது உள்ளே இருந்த அமைப்பை. ஒரு வகையில் உட்புறம் பாதி மூடிய பலகை இருந்தது. அதைப் பட்டெல்லாவிலிருந்து பிரித்து, சிறு செருப்பு எனப் பொருள்படும் கிரெபிடுலா என்ற பேரினமாக 1799-இல் நிறுவினார். சீனர் தொப்பியின் உள்ளே சுருண்ட ஒரு தகடு இருந்தது. அதைக் கலிப்ட்ரியா ஆக்கினார். ஓட்டின் முன்விளிம்பில் வெட்டு உள்ளதை 1801-இல் எமார்ஜினுலா என்று பிரித்தார். உச்சியில் துளையுள்ளதை ஃபிசுரெல்லா என்று புருகியேர் முன்பே பிரித்திருந்தார். லிங்குலாவும் புருகியேர் காலத்திலேயே தனிப் பெயர் பெற்றுவிட்டது. நாம் படிக்கும் லிங்குலா அனாட்டினா என்ற சிற்றினப் பெயர் மட்டும் லமார்க் 1801-இல் வைத்தது. இப்படி ஒன்றொன்றாக வெளியேறிய பின், பட்டெல்லாவில் பெரும்பாலும் உண்மையான லிம்பெட்டுகளே மிஞ்சின.

ஒரு வெட்டுக்கும் ஒரு துளைக்கும் இவ்வளவு ஆர்ப்பாட்டமா என்று கேட்கலாம். நானும் கேட்டேன். துளையுள்ள வகையில் தலைக்கு மேலுள்ள அறையில் ஓர் இணைச் செவுள்கள் உண்டு. அவற்றைக் கழுவிய நீர் அந்தத் துளை வழியாக வெளியேறுகிறது. பட்டெல்லாவில் அந்த இணைச் செவுள்கள் இல்லை. பாதத்தைச் சுற்றி, மேலங்கியின் அடிவிளிம்பில், வளையமாக வேறு செவுள்கள் அமைந்திருக்கின்றன. கிரெபிடுலாவோ பாறைப் பாசியைச் சுரண்டித் தின்பதே இல்லை, இருந்த இடத்திலேயே நீரை வடிகட்டி உண்கிறது. ஓடு ஒன்றுபோல் இருந்தாலும் மூச்சு வேறு, உணவு வேறு, உறவு வேறு. அலை மோதும் பாறையில் ஒட்டிவாழ ஏற்றது இந்தத் தாழ்ந்த கூம்பு வடிவம். ஆகையால் நத்தையினத்தின் பல கிளைகளில் அது தனித்தனியே பலமுறை தோன்றியிருக்கிறது என்று இன்று அறிவோம். லின்னேயசின் ஒரு பட்டெல்லா இன்று பல குடும்பங்களாகிவிட்டது. நம் கன்னியாகுமரிச் சிப்பியும் உண்மை லிம்பெட்டுகளிலேயே பக்கத்துக் குடும்பம் ஒன்றைச் சேர்ந்தது. அதனால்தான் என் சீட்டு அடிபட்டது.

லமார்க் அறிந்திராத ஒரு செய்தியையும் சொல்லி மேலே செல்கிறேன். பட்டெல்லா வல்காட்டாவின் நாக்கில் வரிசை வரிசையாக உள்ள நுண்பற்களில் இரும்புக் கனிமம் கலந்திருக்கிறது. இழுவிசையைத் தாங்குவதில் அதுவரை அறியப்பட்ட உயிரியல் பொருள்களில் அதுவே வலிமையானது என்று 2015-இல் இங்கிலாந்து ஆய்வாளர்கள் கண்டனர். சிலந்தி நூலையும் அது மிஞ்சியது. மேய்ந்துவிட்டுப் பாறையில் தன் பழைய தடத்துக்கே அது திரும்பி வந்து அமர்வதும் உண்டு.

பரண் முழுவதையும் லமார்க் இப்படியே இறக்கிப் பார்த்தார். நண்டு இறால்களைப் பூச்சிகளிலிருந்து பிரித்தார், சிலந்தி தேள்களைப் பிரித்தார், வளைய உடலிகளுக்குத் தனி வகுப்புத் தந்தார். லின்னேயசின் இரண்டு வகுப்புகள் 1809-இல் பத்தாகப் பெருகின. முதுகெலும்பற்றவை என்று நாம் நாள்தோறும் சொல்லும் சொல்லே அவர் வழங்கியது. உயிரியல் என்று நாம் மொழிபெயர்த்துள்ள பயாலஜி என்ற சொல்லையும் 1802-இல் ஆண்டார். அதே ஆண்டில் ஜெர்மானியர் ஒருவரும் அச்சொல்லைத் தனியே ஆண்டிருக்கிறார்.

இந்தப் பிரித்தடுக்கும் வேலையில்தான் அவருடைய மனம் மாறியது. இதைப் பாடநூல் நமக்குச் சொல்வதில்லை. ஐம்பது வயது வரை சிற்றினங்கள் மாறாதவை என்று நம்பியவர்தான் அவர். பத்து ஓடுகள் இருக்கும்போது பிரிப்பது எளிது. ஆயிரம் ஓடுகள் வந்தால்? இதற்கும் அதற்கும் நடுவே நிற்கும் ஓடு ஒன்று எப்படியும் வந்துவிடுகிறது. லிம்பெட்டையே பாருங்கள். ஒரே சிற்றினம் கரையின் மேற்பகுதியில் வாழ்ந்தால் ஓடு உயர்ந்தும், கீழே வாழ்ந்தால் தாழ்ந்தும் அமையக் காண்கிறோம். ஐரோப்பியக் கரைகளின் பட்டெல்லாச் சிற்றினங்களை ஓட்டை மட்டும் வைத்துப் பிரிக்க இன்றும் வல்லுநர்களே தடுமாறுகிறார்கள். சேகரிப்பு வளர வளர எல்லைக்கோடுகள் மங்குகின்றன என்று லமார்க் எழுதினார். பாரிசைச் சுற்றியுள்ள மண்ணில் கிடைத்த புதைபடிவச் சிப்பிகளையும் உயிருள்ள சிப்பிகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார். ஒத்திருந்தன, ஆனால் ஒன்றாக இல்லை. பழையவை அழிந்து போயின என்றார் குவியர். அழியவில்லை, காலப்போக்கில் மாறிப் புதியவை ஆயின என்றார் லமார்க். 1800 மே மாதம், தம் புழு வகுப்பின் தொடக்க உரையில், உயிர்கள் மாறுகின்றன என்ற கருத்தை முதன்முதலாக மாணவர்கள் முன் வைத்தார். டார்வினின் நூல் வெளிவர இன்னும் 59 ஆண்டுகள் இருந்தன.

மாற்றம் எப்படி நிகழ்கிறது என்பதில்தான் அவர் வழுக்கினார். பயன்படுத்தும் உறுப்பு வளரும், அவ்வளர்ச்சி பிள்ளைக்கும் வரும் என்பது அவருடைய கண்டுபிடிப்பே அன்று. அக்காலத்தில் பெரும்பாலோர் அப்படித்தான் நம்பினார்கள். டார்வினும் அதை அறவே விட்டுவிடவில்லை. 1809-இல் வெளிவந்த விலங்கியல் தத்துவ நூலில் ஒட்டகச்சிவிங்கிக்குக் கிடைத்த இடம் சில வரிகளே. அந்தச் சில வரிகளைப் பிடித்துக்கொண்டு மனிதரையே அளந்துவிட்டோம்.

அவரிடம் குறையே இல்லை என்று வாதாட நான் வரவில்லை. பிடிவாதக்காரர். லவாசியேயின் புதிய வேதியியலை இறுதிவரை ஏற்காமல் பழையதைக் கட்டிக்கொண்டு எழுதினார். பத்தாண்டுக்கு மேல் ஆண்டுதோறும் வானிலைப் பஞ்சாங்கம் வெளியிட்டு, அது பொய்க்கப் பொய்க்க ஏளனத்துக்கு ஆளானார். இந்தப் பஞ்சாங்கமே அவருக்குப் பகையாக முடிந்தது. பேரரசர் நெப்போலியனிடம் தம் புதிய நூலை வழங்கச் சென்றபோது, அதையும் வானிலைப் பஞ்சாங்கம் என்று எண்ணிப் பேரரசர் எல்லோர் முன்னிலையிலும் கடிந்துகொள்ள, இது இயற்கை வரலாறு என்று சொல்ல முயன்ற கிழவர் சொல்ல முடியாமல் கண்ணீர் விட்டார் என்று உடனிருந்த அரகோ என்னும் அறிஞர் பதிவு செய்திருக்கிறார்.

அந்தக் கண்களும் அவருக்கு நிலைக்கவில்லை. ஆண்டுக்கணக்காக உருப்பெருக்கியில் சிறு உயிர்களைப் பார்த்துப் பார்த்தோ என்னவோ, பார்வை மங்கிக்கொண்டே வந்தது. முதுகெலும்பற்ற விலங்குகளின் இயற்கை வரலாறு என்னும் பெருநூலை 1815-இல் வெளியிடத் தொடங்கினார். ஏழு தொகுதிகள். பாதி வழியிலேயே, 1818-ஆம் ஆண்டளவில், இருள் முழுமையாகச் சூழ்ந்துவிட்டது. மும்முறை மணந்து மும்முறையும் மனைவியைப் பறிகொடுத்தவர். பிள்ளைகளில் ஒருவருக்குச் செவி கேளாது, ஒருவருக்கு மனநிலை சரியில்லை. சேர்த்திருந்த கொஞ்ச நஞ்சப் பணமும் கரைந்துபோயிற்று.

மணமாகாத இரு பெண்கள் உடனிருந்தனர், ரோசலி, கொர்னேலி என்று. தந்தை சொல்லச் சொல்ல மகள் எழுதினாள். சில பகுதிகளுக்கு இளைஞர் வலன்சியேன் கைகொடுத்தார். நம் பட்டெல்லா இடம்பெறும் ஆறாம் தொகுதியின் முதற்பகுதி 1819-இல் வெளிவந்தது. அதில் மொரோக்கோ நாட்டுச் சாஃபி ஊரின் பெயரால் அவர் சூட்டிய பட்டெல்லா சாஃபியானா என்ற லிம்பெட் இருக்கிறது. அதுவும் பின்னர் சிம்புலா என்ற வேறு பேரினத்துக்குப் போய்விட்டது. ஆயினும் லமார்க், 1819 என்பது அடைப்புக்குறிக்குள் இன்றும் கூடவே வருகிறது. எங்கள் பேராசிரியர் என் சீட்டில் போட்டாரே, அதே அடைப்புக்குறிதான்.

நூல் வெளிவந்த ஆண்டையும், அவர் கண்ணிழந்த ஆண்டையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதிப் பார்த்தேன். ஓட்டின் நிறம், வரிகளின் எண்ணிக்கை, விளிம்பின் பற்கள், உட்புறத்தின் பளபளப்பு என்று அத்தொகுதி முழுவதும் கண்ணால் காண வேண்டியவையே நிறைந்திருக்கின்றன. அதை அச்சில் தாமே பார்க்க அவருக்குக் கொடுத்துவைக்கவில்லை. ஏழாம் தொகுதியும் 1822-இல் முடிந்தது. வேலையை அரைகுறையாக விட்டுவிட்டு அவர் எழுந்திருக்கவில்லை.

தந்தை வீட்டை விட்டு வெளியே செல்ல இயலாமற் போனபின் கொர்னேலியும் வெளியே செல்லவில்லை என்பர். 1829 டிசம்பர் 18-ஆம் நாள், 85 வயதில், லமார்க் மறைந்தார். அடக்கச் செலவுக்குக் குடும்பத்தார் அறிவியல் கழகத்தின் உதவியை நாட வேண்டியிருந்தது. மோன்பர்னாஸ் இடுகாட்டில் நிரந்தரக் குழிக்குப் பணமில்லாததால், சில ஆண்டுத் தவணைக்கு வாடகைக் குழியில் புதைத்தார்கள். தவணை முடிந்ததும் எலும்புகளைத் தோண்டி எடுத்து மற்றவர்களின் எலும்புகளோடு போட்டுவிட்டார்கள். எலும்பில்லா உயிர்களுக்கெல்லாம் இடம் வகுத்துக் கொடுத்தவரின் எலும்பு எங்கே கிடக்கிறதென்று இன்று யாருக்கும் தெரியாது. நூல்கள் ஏலம் போயின. கொர்னேலி அதே அருங்காட்சியகத்தில் உலர்ந்த செடிகளைத் தாளில் ஒட்டும் வேலையைச் சொற்பக் கூலிக்குச் செய்து வந்தாராம்.

அவர் அமர்ந்திருந்த நாற்காலிக்கு ஆள் தேடியபோது ஒரு சிக்கல் வந்தது. 1793-இல் பெரிதாக யாரும் விரும்பாத இடம், 1830-இல் ஒரே ஆளால் தாங்க முடியாத இடமாகியிருந்தது. அதை இரண்டாகப் பிரித்து, பூச்சி, சிலந்தி, நண்டு இனங்களை லத்ரேயுக்கும், மெல்லுடலி, புழு முதலியவற்றைப் பிளென்வீலுக்கும் கொடுத்தார்கள். குவியர் எழுதிய இரங்கலுரை, குவியரும் இறந்தபின், 1832-இல் கழகத்தில் படிக்கப்பட்டது. வகைப்பாட்டுப் பணியை அதில் பாராட்டியிருக்கிறார். ஆனால் மற்ற கருத்துகளை அவர் எள்ளி எழுதிய விதம்தான் பல்லாண்டு நிலைத்தது. இறந்தவருக்கு மறுமொழி சொல்ல வாயில்லை, பாருங்கள்.

அவர் சேர்த்த ஓடுகள் பணக்காரர் கைகள் சில மாறி, கடைசியில் ஜெனீவா நகர அருங்காட்சியகத்தை அடைந்தன. எந்த ஓட்டைப் பார்த்து லமார்க் பெயர் வைத்தார் என்று ஐயம் எழும்போது ஆய்வாளர்கள் அங்கே சென்று பெட்டிகளைத் திறந்து பார்க்கிறார்கள். பாரிசில், அதே தோட்டத்தில், பல நாட்டார் தந்த நன்கொடையால் 1909-இல் சிலை எழுப்பினார்கள். முன்புறம் முதியவர் கன்னத்தில் கைவைத்து அமர்ந்திருக்கிறார். பீடத்தின் பின்புறம் ஒரு புடைப்புச் சிற்பம் உண்டு. கண்ணிழந்த தந்தை நாற்காலியில் சாய்ந்திருக்க, பக்கத்தில் நின்று மகள் ஆறுதல் சொல்கிறாள்.

என் புட்டி எங்கள் ஆய்வுக்கூடத்தில் மூன்றாம் அலமாரியில், கீழ்த்தட்டில் இருக்கிறது. பேராசிரியர் அடித்துத் திருத்திய சீட்டை மாற்றவேண்டாம் என்று நானே கேட்டுக்கொண்டேன். சென்ற மாதம் அப்பா கல்லூரிக்கு வந்திருந்தபோது அதை எடுத்துக் காட்டினேன். வீட்டில் குங்குமம் வைத்திருக்கிறதே அதுவா என்று கேட்டார். அதுதான் என்றேன். உள்ளே இவ்வளவு சதை இருக்குமா என்று வெளிச்சத்தில் பிடித்து நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.